செருப்பு வார் கொள்கை

அண்ணன் கல்யாணப் பத்திரிகைக்கு மாதிரி பார்க்க விருதுநகரில் ஒரு கார்டுக் கடைக்குப் போன அன்றுதான், எனக்கும் கல்யாணம் நிச்சயமாகிப் பத்திரிகைகூட அடித்தாகிவிட்டது என்று தெரிந்துகொண்டேன்.

இரண்டாயிரம் பிறந்து நாலைந்து வருஷம் கழிந்திருந்த ஒரு வைகாசி. எனக்கு இருபத்துமூன்று வயது. பி.எஸ்ஸி. இயற்பியல் முடித்துவிட்டுச் சிவகாசியில் ஒரு சின்ன நர்சரிப் பள்ளியில் டீச்சராக இருந்தேன். பள்ளிக்குக் கோடை விடுமுறை. அண்ணனுக்கு ஆனிக் கடைசியில் முகூர்த்தம். கடைக்காரர் கொண்டுவந்து போட்ட தடித்த ஆல்பங்களை அம்மா ஒரு பக்கமும் அண்ணன் ஒரு பக்கமும் புரட்டிக்கொண்டிருந்தார்கள். அம்மாவுக்கு மஞ்சள் நிறத்தில் பிள்ளையார் போட்ட கார்டு வேண்டும். அண்ணனுக்கு மயில் தோகை விரிக்கிற மாதிரி திறக்கிற கார்டு வேண்டும். எனக்கு எதுவும் வேண்டாம் என்பதால் எழுத்துப் பிழை தேடிக்கொண்டிருந்தேன். ஒரு கார்டில் சுற்றமும் நட்பும் சூழ வரச் சொல்வதற்குப் பதிலாகக் குற்றமும் நட்பும் சூழ வரச் சொல்லியிருந்தார்கள். அதை அண்ணனுக்குக் காட்டலாம் என்று பக்கத்தைப் பிடித்துக்கொண்டு திரும்பினேன். அடுத்த பக்கத்தில் என் பெயர் இருந்தது.

அரக்கு நிறக் கார்டு, பொன்னிற எழுத்து. மணமகள் என்ற இடத்தில் என் பெயர், பின்னால் பி.எஸ்ஸி. இதோடு நின்றிருந்தால் ஒன்றுமில்லை. என் பெயர் எங்கள் பக்கம் தெருவுக்கு இரண்டு பேருக்கு இருக்கும். ஆனால் அதற்கு மேல் வரியில் மணமகளின் தந்தை என்று என் அப்பாவின் பெயர் இருந்தது. அப்பாவுக்கு வைத்திருப்பது எங்கள் குலசாமியின் முழுப் பெயர். பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போதே வாத்தியார் சுருக்கிக்கொள்ளலாமா என்று கேட்ட பெயர். அந்தப் பெயரில் இன்னொரு மனிதரை நான் அதுவரை கண்டதில்லை. மணமகன் எம்.எஸ்ஸி. யாரென்றே தெரியவில்லை. முகூர்த்தம் வருகிற ஆவணியில், விருதுநகரில் எல்லோருக்கும் தெரிந்த ஒரு பெரிய மண்டபத்தில்.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சத்தமாகவே சிரித்தேன். அம்மா வாங்கிப் பார்த்தாள். அவளுக்கு எழுத்துக் கூட்டித்தான் வாசிக்க வரும். என் பெயரைக் கூட்டி முடித்தபோது புன்னகை இருந்தது. அப்பா பெயரைக் கூட்டி முடித்தபோது அவள் முகம் போன போக்கைப் பார்த்து நான் சிரிப்பை நிறுத்தினேன். யாரோ எம்.எஸ்ஸி. படித்த ஒருவனோடு நான் ரகசியமாகப் பத்திரிகை அடிக்கிற அளவுக்குப் போய்விட்டேன் என்று அம்மா அந்த இடத்திலேயே முடிவுகட்டிவிட்டாள். மாதிரி ஆல்பத்தில் ஒட்டிவைத்து ஊருக்கெல்லாம் காட்டுவதை எந்த ஊரில் ரகசியம் என்பார்கள் என்று நான் கேட்டது அவள் காதில் ஏறவில்லை. அண்ணன் கார்டைப் பிய்த்து எடுத்துக்கொண்டான். அது அடித்த இடம் சிவகாசியில் ஒரு பிரஸ் என்று கடைக்காரர் பயந்துபோய் விலாசம் எழுதிக் கொடுத்தார்.

மறுநாள் அப்பா லீவு போட்டார். அப்பா வேலை பார்த்தது பயர் ஆபீசில். பட்டாசுக் கம்பெனியை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வோம். மருந்து கலக்கிற அறையில் இருபது வருஷம் இருந்தவர். அந்த அறையில் யாரும் எதையும் வேகமாக எடுக்கக் கூடாது, வேகமாக வைக்கக் கூடாது. அந்தப் பழக்கம் அவருடைய நடைக்கும் பேச்சுக்கும் கோபத்துக்கும் வந்துவிட்டிருந்தது. சட்டையைப் பிடிக்கத் தயாராக வந்த அண்ணனையும், என்னையும் கூட்டிக்கொண்டு, பிரஸ் படியை ஒவ்வொன்றாக ஏறி, முதலாளிக்கு வணக்கம் சொல்லி, கொடுத்த நாற்காலியில் உட்கார்ந்து, பையிலிருந்து கார்டை எடுத்து மேஜையில் வைத்தார். இதை அடித்தவரைப் பார்க்க வேண்டும் என்றார்.

முதலாளி மாடிக்கு ஆள் அனுப்பினார். கம்ப்யூட்டரில் எழுத்துக் கோக்கிற ஆபரேட்டர் இறங்கி வந்தார். ஒல்லியாக, உயரமாக, கண்ணாடி போட்டவர். மாதிரிக் கார்டு என்றதும் ஏதோ எழுத்துப் பிழைப் புகார் என்று நினைத்துக்கொண்டு மன்னிப்பு கேட்கிற முகத்தோடு வந்தார்.

"தம்பி, இதுல போட்ருக்க பொண்ணு யாரு?" என்றார் அப்பா.

"சும்மா மாதிரிக்குப் போட்டதுங்கய்யா. கற்பனைப் பேருதான்."

"மாப்பிள்ள?"

அவர் கொஞ்சம் தயங்கினார். "அது நான்தாங்கய்யா. பேரு தட்டுப்பாடு. சீசன்ல நூறு மாதிரி அடிக்கணும்."

"பொண்ணுக்கு அப்பன்னு போட்ருக்கீகளே. அது நாந்தான்."

அவர் கார்டைப் பார்த்தார், அப்பாவைப் பார்த்தார், அப்புறம் அப்பாவுக்குப் பின்னால் நின்றிருந்த என்னைப் பார்த்தார். "அப்ப இவுக..." என்று ஆரம்பித்து முடிக்காமல் விட்டார். அண்ணன் எழுந்த வேகத்தில் நாற்காலி விழுந்தது. அந்த நேரத்தில் எந்த மனிதனும் பயந்திருக்க வேண்டும். அந்த ஆள் முகத்திலோ, பரீட்சை முடிவில் தன் நம்பரைப் பார்த்துவிட்டவனுக்கு வருகிற மாதிரி ஒரு சந்தோஷம் பரவியது. என்னைப் பார்த்து, நான் படித்தது பி.எஸ்ஸி. தானா என்று கேட்டார். ஆமாம் என்றேன். எந்தப் பாடம் என்றார். இயற்பியல் என்றேன். அவர் பக்கத்திலிருந்த காகிதக் கட்டின் மேல் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

சண்டை நடக்காமல் போனதற்கு முதலாளிதான் காரணம். ஆபரேட்டரைத் திட்டி, அப்பாவுக்கு டீ வரவழைத்து, அண்ணன் பத்திரிகையைத் தானே முன்னால் நின்று அடித்துத் தருவதாகச் சொன்னார், மயில் தோகையோடு. தோகை என்றதும் அண்ணன் நாற்காலியை நிமிர்த்தி உட்கார்ந்துகொண்டான். ஆல்பத்துக்குப் போன மற்றக் கார்டுகளையெல்லாம் திரும்ப வாங்கிவிடுவதாகவும் பேச்சானது. புரூப் பார்க்க யார் வருவார்கள் என்று முதலாளி கேட்டார். அந்த விடுமுறையில் நான் தினமும் டைப்ரைட்டிங் கிளாசுக்குச் சிவகாசி போய்க்கொண்டிருந்தேன். கிளாஸ் அந்த பிரஸ்சிலிருந்து இரண்டு தெரு தள்ளி. வீட்டில் பிழை பார்க்கத் தெரிந்தவளும் நான்தான். அப்பா என்னைத் திரும்பிப் பார்த்தார். நிதானமாக யோசித்தார். சரி என்றார்.

முதல் புரூப்பை ஒரு கவரில் போட்டு முதலாளி முன்னாலேயே கொடுத்தார் அந்த ஆபரேட்டர். வீட்டுக்கு வந்து பிரித்தால் புரூப்புக்குக் கீழே பட்டாசு லேபிள்கள். கலர் விலகிப்போய்க் கழித்த தாள்கள். கம்பி மத்தாப்பு பிடித்த பெண்ணின் உதட்டுச் சிவப்பு தாடைக்கு இறங்கியிருந்தது. கழிவுத் தாளைத் தவறிப்போட்டு வைத்திருக்கிறார் என்று எடுத்து எறியப் போனேன். பின்பக்கம் பொடி எழுத்தில் நெருக்கமாக எழுதியிருந்தது. பக்கத்துக்கு எண் போட்டு, பதினாறு பக்கம். முதல் பக்கத்தில் தலைப்பு: காலத்தின் முரண்கள் தாமே தீர்வது பற்றி.

அன்று மாலை மொட்டை மாடியில் வத்தல் காயப் போட்டிருந்த சேலைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து ஒரே மூச்சில் வாசித்தேன். சாராம்சம் இதுதான். ஒருவன் பழைய காலத்துக்குப் போய், தன் அப்பா பெண் பார்க்கக் கிளம்புவதைத் தடுக்கப் பார்க்கிறான் என்று வையுங்கள். தடுத்துவிட்டால் இவன் பிறக்கவே மாட்டான். பிறக்காதவன் போய்த் தடுப்பது எப்படி? இது ஒரு முரண். அந்த இடத்தில் உலகம் இரண்டாகப் பிரிந்துவிடும் என்று சிலர் சொல்கிறார்கள். அப்படியொரு பயணமே முடியாது என்று சிலர். இவர் சொன்னது வேறு. போகலாம், தடுக்கவும் பார்க்கலாம். ஆனால் அப்பாவைப் பிடிக்க ஓடுகிறபோது பஸ் ஸ்டாண்டில் இவன் செருப்பு வார் அறுந்துவிடும். குனிந்து நிமிர்வதற்குள் பஸ் போய்விடும். அவ்வளவுதான், முரண் தீர்ந்தது. செருப்பு வார் போதும் என்கிற இடத்தில் காலம் பூகம்பத்தைச் செலவழிக்காது. ஒளிக்கதிர் இருக்கிற வழிகளில் சிக்கனமான வழியாகப் பார்த்துப் போகிறது என்று கல்லூரியில் படித்ததை அவர் பிடித்துக்கொண்டு, காலமும் அதே மாதிரி கஞ்சம் என்று காட்டப் பார்த்திருந்தார். கணக்கெல்லாம் இருந்தது.

இரண்டாவது பகுதி எனக்கு இன்னும் பிடித்தது. வீட்டுப் பெட்டியில் ஒரு கடிதம் கிடைக்கிறது. அதை எடுத்துக்கொண்டு பழைய காலத்துக்குப் போய் அதே பெட்டியில் வைத்துவிட்டு வருகிறோம். அப்படியானால் அந்தக் கடிதத்தை எழுதியது யார்? யாருமே எழுதாத கடிதம் ஒன்று உலகத்தில் இருக்க முடியுமா? முடியாது என்றார் அவர். காலத்துக்கு அநாதைகளைப் பிடிக்காது. நன்றாகத் தேடிப் பார்த்தால், யாரோ ஒரு சாதாரண ஆள், ஏதோ ஒரு சாதாரணக் காரணத்துக்காக அதை எழுதியிருப்பது தெரியவரும். காலம் சத்தமில்லாமல் அதற்கு ஒரு தாயைப் பார்த்து வைத்திருக்கும்.

கடைசிப் பக்கத்தின் அடியில், வேறு மையில் புதிதாகச் சேர்த்திருந்தார். உங்கள் பெயரை நான் கற்பனையில்தான் போட்டேன். சத்தியமாக. ஆனால் கொள்கைப்படி அதற்கும் ஒரு சாதாரணக் காரணம் இருந்தாக வேண்டும்.

ஏழாம் பக்கத்தில் ஒரு தப்பு கண்டுபிடித்தேன். மூன்றாவது வரியில் கூட்டல் குறி இருக்க வேண்டிய இடத்தில் கழித்தல் குறி. அன்றைக்கு ராச்சாப்பாடு இறங்கவில்லை. படித்து முடித்து மூன்று வருஷமாக 'அ'வும் 'ஆ'வும் மட்டும் எழுதிக் காட்டிக்கொண்டிருந்தவளுக்கு ஒரு கழித்தல் குறி கிடைத்தால் எப்படி இருக்கும் என்று யாரிடம் சொல்ல. அண்ணன் புரூப்பின் ஓரத்தில் சிவப்பு மையில், பக்கம் ஏழு, வரி மூன்று, குறியைப் பார்க்கவும் என்று எழுதிக் கொடுத்தேன். வேறு பிழை இல்லை என்றும் எழுதியிருந்தேன். ஆனால் இரண்டு நாளில் இரண்டாவது புரூப் வந்தது. அதில் அண்ணன் பெயரில் ஒரு எழுத்து மாறியிருந்தது. முதல் புரூப்பில் சரியாக இருந்த எழுத்து. கவருக்குள் திருத்திய ஏழாம் பக்கமும், அதற்கு மேல் புதிதாக நாலு பக்கமும் இருந்தன.

மூன்றாவது புரூப்பில் பெண் வீட்டு ஊர்ப் பெயர் தப்பு. நாலாவதில் மறுபடி அண்ணன் பெயர். "ஏன் புள்ள, எம் பேரு அம்புட்டுக் கஷ்டமாவா இருக்கு?" என்று அண்ணன் வருத்தமாகவே கேட்டான். எனக்கு அவனைப் பார்க்கப் பாவமாக இருந்தது. ஆனாலும் அடுத்த கவருக்குத்தான் காத்திருந்தேன். நான் அப்போதுதான் ஒரு செல்போன் வாங்கியிருந்தேன். நம்பரை ஒரு புரூப்பின் ஓரத்தில் எழுதிக் கொடுத்தேன். பேசுவதில்லை, மிஸ்டு கால் மட்டும். ஒரு ரிங் என்றால் வாசித்துவிட்டேன். இரண்டு ரிங் என்றால் தப்பு இருக்கிறது. மூன்று ரிங்குக்கு அர்த்தம் எதுவும் வைத்துக்கொள்ளவில்லை. ஆனால் மூன்று ரிங் அடிக்கடி வந்தது.

இதற்கிடையில் அவரைப் பற்றியும் தெரிந்துகொண்டேன். விருதுநகரில் எம்.எஸ்ஸி. படித்தவர். அப்பா இல்லை, அம்மா தீப்பெட்டி ஆபீசில் வேலை. வாத்தியார் வேலைக்குப் பதிந்துவிட்டு பிரஸ்சில் உட்கார்ந்திருந்தார். காலண்டர் சீசனில் அடுத்த வருஷத்து நாட்களை இந்த வருஷமே கோத்துக் கோத்துத்தான் காலத்தைப் பற்றி இவ்வளவு யோசிக்க ஆரம்பித்தேன் என்று ஒரு லேபிளில் எழுதியிருந்தார். என் கார்டில் இருந்த முகூர்த்தமும் அப்படி அச்சில் இருந்த காலண்டரைப் பார்த்துப் போட்டதுதான்.

சாதாரணக் காரணத்தைக் கண்டுபிடித்தது நான். அண்ணன் கல்யாணத்துக்காக வீட்டுக்கு வெள்ளையடிக்கப் பரணைக் காலி செய்தோம். என் பழைய புத்தகங்களுக்கு நடுவே ஒரு ரோஸ் நிற நோட்டீஸ். நான் பன்னிரண்டாம் வகுப்பில் பள்ளி முதலிடம் வந்தபோது பள்ளிக்கூடத்தில் அடித்தது. என் பெயர், கீழே அப்பாவின் நீளமான பெயர் முழுதாக, பயர் ஆபீஸ் தொழிலாளியின் மகள் என்று பெருமையாக. அடியில் விருதுநகரில் ஒரு கம்ப்யூட்டர் சென்டரின் பெயர். படிக்கிற காலத்தில் சாயங்காலம் அவர் வேலை பார்த்ததாக எழுதியிருந்த சென்டர் அதுதான். என் பெயரை அவர் விரல்கள் ஒருதரம் அடித்திருக்கின்றன. மறந்துவிட்டார். நூறு மாதிரிக் கார்டுக்குப் பெயர் தேடியபோது கை அதைத் தானாக எடுத்துப் போட்டிருக்கிறது. தனக்கு எம்.எஸ்ஸி. என்பதால் எனக்கு ஒரு பி.எஸ்ஸி.

நோட்டீசைக் கையில் வைத்துக்கொண்டு பரணிலேயே கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். எனக்குச் சந்தோஷமாக இல்லை. அந்தக் கார்டு எங்கிருந்தோ வந்ததாக, யாரும் எழுதாததாக இருக்க வேண்டும் என்று உள்ளுக்குள் ஆசைப்பட்டிருக்கிறேன் என்பது அப்போதுதான் தெரிந்தது.

மறுநாள் பிரஸ் வாசலில் அவரிடம் நோட்டீசைக் கொடுத்தேன். வாசித்துவிட்டு அவர் குதிக்காத குறை. கொள்கை சொன்னபடியே தாய் கிடைத்துவிட்டாள் என்றார். எனக்கு எரிச்சல் வந்தது. காரணம் கிடைத்தாலும் கொள்கை சரி, கிடைக்காவிட்டால் இன்னும் தேடணும் என்பார். செருப்பு அறுந்தாலும் சரி, அறுந்துபோகாமல் வேறு ஏதாவது நடந்தாலும் சரி.

"எது நடந்தாலும் சரின்னா அது கொள்கை இல்ல. ஜோசியம்" என்றேன்.

அவர் முகம் சுருங்கிப் போனது. நோட்டீசை மடித்துத் திருப்பிக் கொடுத்துவிட்டு மாடியேறிப் போய்விட்டார். அண்ணன் பத்திரிகை ஒரு பிழையும் இல்லாமல் அச்சாகி வந்தது. போன் அடிக்கவில்லை. அண்ணன் கல்யாணமும் நடந்தது. தோகைக் கார்டை எல்லோரும் மெச்சினார்கள். எனக்கு அந்தக் கார்டைத் திறக்கப் பிடிக்கவில்லை.

ஆடி பிறந்து பத்து நாள் இருக்கும். பள்ளி முடிந்து பஸ் ஏற வருகிறேன், பஸ் ஸ்டாண்டில் அவர் நிற்கிறார். ஒரு மாதமாக யோசித்தாராம். நான் சொன்னது சரியாம். தோற்பதற்கு வழி வைக்காதது கொள்கையே இல்லையாம். "தோக்குற மாதிரி ஒரு சோதனை சொல்லுங்க. செய்வோம்" என்றார். தப்பை ஒத்துக்கொள்கிற ஆம்பளையை நான் முதன்முதலாகப் பக்கத்தில் பார்த்தது அப்போதுதான். பஸ்சை விட்டுவிட்டேன்.

சோதனையை நான்தான் வகுத்தேன். வருகிற ஆவணி முகூர்த்தத்தன்று, கார்டில் சொன்ன நேரத்தில், கார்டில் சொன்ன மண்டபத்தில் நாங்கள் இருவரும் இருக்கக் கூடாது. அதற்கு முடிந்ததெல்லாம் செய்ய வேண்டும். அப்படியும் காலம் செருப்பு வார் மாதிரி ஏதாவது சின்ன வேலை செய்து எங்களை அங்கே கொண்டுபோய் நிறுத்தினால் கொள்கைக்கு ஒரு மதிப்பெண். இல்லையென்றால் கொள்கை தோற்றது, லேபிள்களைக் கடலை மடிக்கக் கொடுத்துவிடலாம். அதுவரை பேச்சு, கவர், ரிங் எதுவும் கிடையாது. ஒருவரை ஒருவர் பாதித்தால் சோதனை கெட்டுவிடும். அவர் அன்று முழுக்க பிரஸ்சில் இருப்பதாகச் சொன்னார். நான் ஆலங்குளத்தில் சித்தி வீட்டுக்குப் போய்விடுவதாகச் சொன்னேன். சித்தப்பாவுக்கு அங்கே சிமெண்ட் ஆலையில் வேலை. இருவரும் ரொம்பவும் விஞ்ஞானிகளாகத் தலையை ஆட்டிக்கொண்டு பிரிந்தோம்.

அந்த ஒரு மாதத்தைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. போனைத் தலைமாட்டில் வைத்துக்கொண்டு தூங்கினேன். வகுப்பில் ஒரு குழந்தை 'க'வைத் திருப்பிப் போட்டதற்கு அழுதேன்.

முகூர்த்தத்துக்கு இரண்டு நாள் முன்னால் நல்ல பிள்ளையாக ஆலங்குளம் போய்ச் சேர்ந்தேன். முந்தின நாள் சாயங்காலம், சித்தி வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். நாளைக்கு நல்ல முகூர்த்தமாயிற்றே, உங்களுக்குக் கல்யாணம் எதுவும் இல்லையா என்று கேட்டேன். மூன்று பத்திரிகை வந்திருக்கிறது, எதற்கும் போகிற எண்ணமில்லை என்றாள். நான் அந்த மூன்றையும் எடுத்துப் பார்த்தேன். மூன்றாவது அந்த மண்டபத்தில். சித்தப்பாவோடு வேலை பார்ப்பவரின் கொழுந்தியாள் மகள் கல்யாணம். சித்திக்கு அவர்கள் முகம்கூடத் தெரியாது.

இதற்குப் போகாவிட்டால் அவர்கள் என்ன நினைப்பார்கள் என்று ஆரம்பித்தேன். தினமும் சித்தப்பா முகத்தில் விழிக்கிற மனிதர் அல்லவா என்றேன். ஒரு மணி நேரம் பேசினேன். கடைசியில் சித்தி, "ஒனக்கு அம்புட்டு ஆசையா இருந்தா போவோம். என்னயப் போட்டு அறுக்காத" என்றாள்.

பட்டுப் புடவை கட்டிக்கொண்டு பஸ்சில் உட்கார்ந்திருந்தபோது எனக்கு வெட்கமாக இருந்தது. சோதனையை வகுத்தவளே கெடுக்கிறாள். வாசல் வரைக்கும்தான், உள்ளே போக மாட்டேன் என்று சொல்லிக்கொண்டேன். அவர் இருக்கப் போவதில்லை, அவர் வாக்குத் தவறாதவர், சும்மா அந்த மண்டபத்தைப் பார்க்க வேண்டும், அவ்வளவுதான். வாசலில் பன்னீர் தெளித்தார்கள். கற்கண்டு எடுத்துக்கொண்டேன். அப்படியே உள்ளே போய்விட்டேன்.

பந்தி நடக்கிற பக்கம் ஒரு மினி வேன் நின்றது. தாம்பூலப் பைகள் கட்டுக் கட்டாக இறங்கிக்கொண்டிருந்தன. மஞ்சள் துணிப் பையில் பெண் மாப்பிள்ளை பெயர் அச்சடித்து, போகிறவர்களுக்குத் தேங்காய் போட்டுக் கொடுப்பார்களே, அது. ஒரு கட்டைத் தூக்கிக்கொண்டு அவர் திரும்பினார். லோடு இறக்க வந்தவர் இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையும் நெற்றியில் சந்தனமுமாக இருந்தார்.

கட்டு கையிலிருந்து நழுவி விழுந்தது.

"நீங்க ஆலங்குளத்துலல்ல இருக்கணும்?"

"நீங்க பிரஸ்ல இருக்கணும்."

"லோடு எறக்க ஆளு வரல. அதான் என்னய..."

வேனுக்குப் பின்னால் இரண்டு ஆட்கள் பீடி குடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். நான் அவர்களைக் கைகாட்டினேன். அவர் திரும்பிப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். நேற்றே முதலாளியிடம் இந்த லோடை நான் கொண்டுபோகிறேன் என்று கெஞ்சி வாங்கி வந்ததாகச் சொன்னார். இங்கே நின்று பார்த்துவிட்டுப் போனால் போதும் என்று நினைத்தாராம். நான் வர மாட்டேன், நான் கண்டிப்பானவள் என்பதில் சந்தேகமே இல்லையாம்.

சித்தியை ஒரு மணி நேரம் அறுத்ததை நான் சொன்னேன். சொல்லி முடிப்பதற்குள் எனக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டது. அவருக்கும். பைக் கட்டின் மேல் கையை ஊன்றிக்கொண்டு கண்ணில் நீர் வரச் சிரித்தார். உள்ளே கெட்டிமேளம் கேட்டது. யாரோ வந்து எங்கள் கையிலும் அட்சதையைத் திணித்துவிட்டுப் போனார்கள். முகம் தெரியாத ஒரு பெண்ணுக்கும் மாப்பிள்ளைக்கும் நாங்கள் பக்கத்தில் பக்கத்தில் நின்று, சிரிப்பை அடக்க முடியாமல், அட்சதை போட்டோம். பாதி முன்னால் நின்றவர் வழுக்கையில் விழுந்தது. சித்தி என்னைப் பார்த்தாள். அவரைப் பார்த்தாள். முந்தின நாள் கல்யாணப் பேச்செல்லாம் அவளுக்கு விளங்கிவிட்டது என்று அவள் நின்ற நிலையிலேயே தெரிந்தது.

பந்தியில் அடுத்தடுத்த இலை. சோதனை செல்லாது என்றார் அவர் வருத்தமாக; சோதித்தவர்களே ஏமாற்றிவிட்டார்கள். கொள்கை ஜெயித்ததாகச் சொல்ல முடியாது. நான் அப்பளத்தை நொறுக்கிக்கொண்டு யோசித்தேன். பஸ் பிரேக் போகவில்லை. மழை வரவில்லை. செருப்பு வார்கூட அறுந்துபோகவில்லை. காலம் ஒரு துரும்பையும் நகர்த்தவில்லை, நாங்கள் வந்துவிட்டோம். அதைவிடச் சிக்கனமான வழி எது?

"மனுசருக்கு ஏற்கனவே இருக்குற ஆசை வழியா போனா காலத்துக்குச் செலவே இல்லயே. அத நீங்க எழுதவே இல்ல" என்றேன்.

அவர் கை பாதியில் நின்றது. பாயசம் இலையை விட்டு வழிந்து மேஜை விரிப்புக்கு ஓடியது. அவர் கவனிக்கவில்லை. அந்தப் பகுதியை நீங்கள்தான் எழுத வேண்டும், கொள்கையில் உங்கள் பெயரையும் சேர்த்துப் போடப் போகிறேன் என்றார். எந்த இடத்தில் போடுவீர்கள் என்று கேட்டேன்.

"எம் பேருக்குப் பக்கத்துலதான். ஏற்கனவே போட்டுப் பழக்கம் இருக்குல்ல" என்றார். எனக்குக் காது வரைக்கும் சூடேறியது. மோர் ஊற்ற வந்தவரிடம் ரசம் கேட்டேன்.

சித்தி அன்றைக்கே எங்கள் வீட்டுக்குப் போன் போட்டுவிட்டாள். அம்மா அழுதாள், திட்டினாள், மூன்றாம் நாள் அவர்கள் என்ன ஆட்கள் என்று விசாரிக்க ஆரம்பித்தாள். விசாரித்ததில் அவர் அம்மாவுக்கும் எங்கள் பெரியம்மா ஒருத்திக்கும் ஏதோ ஒரு வழியில் உறவுமுறை வந்தது. அந்த வழியை எனக்கு மூன்று முறை விளக்கினாள், பிடிபடவில்லை. அண்ணன்தான் கொஞ்சநாள் முகம் கொடுக்கவில்லை. நாலு புரூப்பின் கதை அவனுக்குத் தெரிந்துவிட்டிருந்தது.

அவர் அம்மாவோடு பெண் கேட்டு வந்தார். அப்பா நிதானமாக எல்லோருக்கும் தண்ணீர் கொடுக்கச் சொன்னார். படிப்பு, வேலை, நிலம் பற்றியெல்லாம் அம்மா கேட்டாள். அப்பா ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்.

"தம்பி, இன்னும் எத்தன பொண்ணு பேரு போட்டுக் கார்டு அடிச்சிருக்கீக?"

"தொண்ணூத்தொம்பதுங்கய்யா" என்றார் அவர். பொய் சொல்ல வராது. "மாப்பிள்ளையா எம் பேரு ஒண்ணுலதான்."

அப்பா சிரித்து நான் பார்த்ததே அபூர்வம். அன்றைக்குத் தோள் குலுங்கச் சிரித்தார்.

தையில் எங்கள் கல்யாணம். மறுவாரம் இருக்கன்குடிக்குப் போய் மாரியம்மனுக்குப் பொங்கல் வைத்தோம். ஆற்று மணலில் அடுப்பு மூட்டி, பொங்கல் பொங்குகிற நேரத்தில் இவர் ஐந்தாம் பகுதியில் ஒரு ஓட்டை இருக்கிறது என்று ஆரம்பிக்க, பொங்கி அடுப்பு அணைந்தது. மாமியார் எங்கள் இருவரையும் தள்ளி உட்காரச் சொல்லிவிட்டாள்.

மாசியில் விருதுநகரில் ஒரு கல்லூரியில் இயற்பியல் ஆய்வரங்கம். எங்கள் கொள்கைக்குக் கடைசியாகப் பதினைந்து நிமிஷம் கொடுத்திருந்தார்கள். அச்சடித்த நிகழ்ச்சி நிரலில் இரண்டு பெயரும் இருந்தன. அவர் பேசினார். பாதிப் பேர் வீட்டுக்குக் கிளம்பியிருந்தார்கள். இருந்தவர்களில் ஒரு பேராசிரியர் எழுந்து, இதெல்லாம் கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் யாராவது சோதித்துப் பார்த்தீர்களா என்று கேட்டார். இவர் என்னைப் பார்த்தார். நான் எழுந்து, சோதித்தோம், ஆனால் இரண்டு பேருமே ஏமாற்றிவிட்டோம் என்று சொன்னேன். எப்படி என்று கேட்டார்கள். புதுத் தாலிக் கயிறு மஞ்சள் மாறாமல் கழுத்தில் கிடந்தது. நான் அதைப் பிடித்துக்கொண்டு நின்றேன். முதல் வரிசை சிரிக்க ஆரம்பித்து, கடைசி வரிசை வரைக்கும் போனது. பேராசிரியர், கொள்கையை ஏற்க முடியாது, ஆனால் வாழ்த்துகள் என்று சொல்லி உட்கார்ந்தார்.

அரங்கம் முடிந்து வெளியே வந்தபோது நல்ல பசி. எண்ணெயில் பொரித்த பரோட்டா போடுகிற ஒரு கடையில் போய் உட்கார்ந்தோம். தோற்றுவிட்டோமா ஜெயித்துவிட்டோமா என்று தெரியாத ஒரு சந்தோஷத்தில் நான் மூன்று பரோட்டா தின்றேன். அவர் ஐந்தாவதைப் பிய்த்துக்கொண்டே, அந்தப் பேராசிரியர் கேட்டதில் ஒரு விஷயம் இருக்கிறது, ஆறாவதாக ஒரு பகுதி எழுத வேண்டியிருக்கும் என்றார். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. இன்னும் கொஞ்சம் சால்னா ஊற்றச் சொல்லி இலையைக் காட்டினேன்.